பன்னிரண்டாவது நிபந்தனை

அந்த அம்மாவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. கைநாட்டுதான். ஆனால் எங்கள் ஆபீசில் அத்தனை பேரையும் பேனாவைத் தொடவே பயப்பட வைத்தவர் அவர்தான்.

"நீங்க சொல்றது சரிங்கய்யா. அதை அப்படியே எழுதிக் குடுங்க."

குரலை உயர்த்த மாட்டார். கையைக் கட்டிக்கொண்டு நிற்க மாட்டார். கெஞ்சவும் மாட்டார். சொல்லிவிட்டுத் தாழ்வாரத்தில் போய்ச் சம்மணம் போட்டு உட்கார்ந்துகொள்வார். கருநீலக் கண்டாங்கிச் சேலை, நரை ஏறிய தலை, புருவ மயிரில் ஒட்டியிருக்கும் கல்தூசி. வெயில் ஏறும், இறங்கும். எழுதிக் கொடுக்கிற வரைக்கும் அந்த இடத்தைவிட்டு அசைய மாட்டார்.

ஆபீசின் பெயர் வேண்டாம். மதுரையில் ரோடும் பாலமும் பார்த்துக்கொண்ட பொது ஆபீஸ் ஒன்று. முப்பதுகளின் கடைசி, யுத்தம் இன்னும் வந்திருக்கவில்லை. நான் அங்கே டைப் குமாஸ்தா. மேலூர்ப் பக்கம் அவருக்கு ஒரு கல்குவாரி இருந்தது. ரோட்டுக்கு ஜல்லி உடைத்து மாட்டு வண்டியில் கொண்டுவந்து குவிப்பது அவர் தொழில். புருஷன் செய்ததை அவர் செத்த பிறகு இவர் செய்தார். ஆபீசில் யாரும் அவர் பேரைச் சொல்ல மாட்டார்கள். 'மேலூர்க்காரம்மா' என்பார்கள், அதுவும் மெதுவாக.

ஒரு நாள் பியூன், "ஐயா இல்லம்மா, நாளைக்கு வா" என்று விரட்டினான்.

"ஐயா இல்லைன்னு எழுதிக் குடு. நான் வந்தேன், ஐயா இல்லைன்னு."

ஐயா, அதாவது எங்கள் மானேஜர், உள்ளே காப்பி குடித்துக்கொண்டிருந்தார். பியூன் என்னைப் பார்த்தான். நான் டைப் மிஷினைப் பார்த்தேன். கால் மணி நேரத்தில் ஐயா வெளியே வந்துவிட்டார்.

இன்னொரு தடவை ஓவர்சியர் ஜல்லிக் குவியலை அளந்துவிட்டு, "கொறையுது" என்றார். மேற்கொண்டு என்ன எதிர்பார்த்தார் என்பது எல்லாருக்கும் தெரியும். "எம்புட்டுக் கொறையுதுன்னு எழுதிக் குடுங்க. இன்னொருத்தரை விட்டு அளந்து பாத்துக்கிறேன்" என்றார் இந்த அம்மா. ஓவர்சியர் திரும்ப அளந்தார். குறையவில்லை.

வாங்கிய காகிதங்களை ஒரு தகரப் பெட்டியில் வைத்திருந்தார். ஒன்றைக்கூடப் படிக்கத் தெரியாது, ஆனால் ஒன்றை எடுத்து மற்றொன்று என்று தவறாகக் காட்டியதே இல்லை. "இது ஓவர்சியர் குடுத்தது, கோழி கிண்டின மாதிரி இருக்கும். இது உங்க பெரிய ஐயா குடுத்தது, எழுத்தெல்லாம் ஒரு பக்கமாச் சாஞ்சிருக்கும். இது தம்பி நீ மிஷின்ல அடிச்சது" என்பார். எழுத்தை நாம் படிக்கிறோம், அவர் முகம் பார்ப்பதுபோலப் பார்த்தார்.

எனக்கு அது பிடிக்கவில்லை. உண்மையைச் சொல்வதானால் பயமாக இருந்தது. நான் அடித்துக் கொடுத்த ஒவ்வொரு தாளும் எங்கோ ஒரு தகரப் பெட்டிக்குள் என் கையெழுத்தோடு கிடக்கிறது என்று நினைத்தால் சாப்பாடு இறங்காது.

அவர் ஏன் இப்படி என்று அவருடைய வண்டிக்காரர் ஒருவர்தான் எனக்குச் சொன்னார். குவாரியில் ஒரு காலை ஆறு குழியில் வெடிமருந்து வைத்திருக்கிறார்கள். வெடித்து முடிந்ததும் மேலே நின்றவன், "ஆறும் போயிருச்சு, எறங்குங்கண்ணே" என்று கத்தியிருக்கிறான். போனது ஐந்துதான். அவர் புருஷன் இறங்கினார்.

"அவன் அப்புறம் நான் அப்படிச் சொல்லவே இல்லைன்னுட்டான்" என்றார் வண்டிக்காரர். "வாயால சொன்னதுதானே."

அந்த வருஷம் ஜல்லி சப்ளைக்கு டெண்டர் விட்டார்கள். முறை இதுதான்: இன்ன வேலை, இன்ன நிபந்தனைகள் என்று ஆபீஸ் நோட்டீஸ் போடும். செய்ய விரும்புகிறவர்கள் தங்கள் விலையை எழுதி, உறையில் வைத்து அரக்கு முத்திரை போட்டு, பூட்டின பெட்டியில் போட வேண்டும். குறித்த நாளில் எல்லார் முன்னாலும் பெட்டியைத் திறப்பார்கள். நிபந்தனைகளுக்கு உட்பட்டவர்களில் யார் விலை குறைவோ அவருக்கு வேலை.

நோட்டீஸை நான்தான் இங்கிலீஷில் அடித்தேன். பதினொரு நிபந்தனைகள். மானேஜர் கையெழுத்துப் போட்டார். அன்றைக்கே அந்த அம்மா வந்து நின்றார்.

"தம்பி, இதுக்கு ஒரு நகல் வேணும். சீல் வச்சு, நீ பாத்து அடிச்சேன்னு எழுதி."

மனுப் போட்டால் கொடுக்க வேண்டியதுதான், சட்டம் இருக்கிறது. திரும்ப அடித்து, 'உண்மை நகல்' என்று எழுதி, என் இனிஷியலைப் போட்டு, சீல் குத்திக் கொடுத்தேன். இரண்டு உள்ளங்கையாலும் வாங்கிப் பார்த்தார். வரிசையாக விரலை வைத்து எண்ணினார். "பதினொண்ணு" என்றார். "ஆமா" என்றேன்.

பெட்டியைத் திறந்தபோது அவர் விலைதான் குறைவு. அடுத்தது டவுனில் இருந்த பெரிய கண்டிராக்டர். அந்த ஆபீசின் பாதி வேலை பல வருஷமாக அவரிடம்தான் இருந்தது. அவர் சிரித்துக்கொண்டே எழுந்து மானேஜர் அறைக்குள் போனார். வெகுநேரம் வெளியே வரவில்லை.

இரண்டு நாள் கழித்து மானேஜர் என்னைக் கூப்பிட்டார். மேஜைமேல் அந்த மூல நோட்டீஸ் கிடந்தது. பதினொன்றாவது நிபந்தனைக்கும் அவர் கையெழுத்துக்கும் நடுவில் ஒரு விரற்கடை இடம் இருந்தது.

"இங்க ஒரு வரி அடிக்கணும்பா. பன்னிரண்டாவது. டெண்டர் கொடுப்பவர் தன் கையால் கையெழுத்துப் போட வேண்டும், கைநாட்டு ஏற்கப்படாது."

"சார், பெட்டி திறந்தாச்சே."

அவர் என்னை நிமிர்ந்து பார்க்கவில்லை. "உனக்கு இன்னும் வேலை கன்ஃபர்ம் ஆகலைல்ல?" என்றார்.

நான் தாளை மிஷினில் ஏற்றினேன். வரி நேராக விழ வேண்டுமே என்று மூன்று தடவை உருளையைத் திருகிச் சரி பார்த்தேன். என் கவலை அதுவாக இருந்தது.

டெண்டர் நிராகரிக்கப்பட்டது என்று மானேஜரே அந்த அம்மாவிடம் சொன்னார். எல்லாரும் எதிர்பார்த்ததைத்தான் அவர் கேட்டார். எழுதிக் கொடுத்துத்தான் தீர வேண்டியிருந்தது. 'பன்னிரண்டாவது நிபந்தனையின்படி' என்று அதையும் நானே அடித்தேன். படிக்கச் சொல்லிக் கேட்டுவிட்டு, "பன்னெண்டா?" என்றார். என்னைத்தான் பார்த்தார். கோபமில்லை. கல்லில் எந்த இடத்தில் உளியை வைத்தால் பிளக்கும் என்று பார்க்கிற பார்வை அது.

ஒரு மாதத்துக்குள் எனக்கு முன்சீப் கோர்ட்டிலிருந்து சம்மன் வந்தது.

மானேஜர் கதவைச் சாத்திவிட்டுப் பேசினார். "நகல் அடிக்கும்போது ஒரு வரி விட்டுப்போச்சுன்னு சொல்லு. யாருக்கும் நடக்கிறதுதானே. அதுக்கு மேல ஒரு வார்த்தை பேசாதே."

அன்று சாயங்காலம் பழங்காநத்தத்துக்கு வீடு திரும்பும்போது ஒரு ஆள் என் சைக்கிளை நிறுத்தினார். வெயில் தாழ்ந்த பிறகும் குடையை விரித்துப் பிடித்திருந்தார். பெரிய கண்டிராக்டர் கூடவே வருகிற ஆள்.

"சாட்சிக்குப் போறீகளாம்ல."

"ஆமா."

"நல்லாச் சொல்லுங்க." குனிந்து என் சைக்கிள் செயினை விரலால் தூக்கிப் பார்த்தார். "லூசா இருக்கு. வீட்டுல மாசமா இருக்காகளாமே. எத்தனையாவது மாசம்?"

அவரே சொன்னார்: "ஏழு." குடையைத் தோளில் சாய்த்துக்கொண்டு போய்விட்டார். வீட்டுக்குப் போய் என் மனைவியிடம் ஒன்றும் சொல்லவில்லை. கதவுக்குத் தாழ்ப்பாள் சரியாக விழுகிறதா என்று மட்டும் பார்த்தேன். அடுத்த நாளே அவளை ஆனையூரில் அவள் அப்பா வீட்டுக்கு அனுப்பிவிட்டேன்.

கோர்ட்டில் கண்டிராக்டர் கடைசி பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் குடைக்காரர். அந்த அம்மா சுவரோரம் தரையில், மடியில் தகரப் பெட்டியோடு. அவருடைய வக்கீல் ஒல்லியான மனிதர், அடிக்கடி இருமுவார். மூல நோட்டீஸை ஆபீஸ் கோர்ட்டில் தாக்கல் செய்திருந்தது. வக்கீலின் ஒரு கையில் அது, மறு கையில் நான் கொடுத்த நகல்.

"இரண்டையும் அடித்தது நீங்கள்தானே?"

"ஆமா."

"மூலத்தில் பன்னிரண்டு, நகலில் பதினொன்று. எப்படி?"

"ஒரு வரி விட்டுப்போச்சு."

"உங்கள் கவனக்குறைவு?"

"ஆமா."

முன்சீப் எழுதிக்கொண்டார். நிப்பு காகிதத்தில் கீறுகிற சத்தம் எனக்குக் கேட்டது. முடிந்தது, இறங்கிவிடலாம் என்று நினைத்தேன்.

வக்கீல் இருமி முடித்துவிட்டு மூலத்தை என்னிடம் நீட்டினார். "இதில் ஏ என்ற இங்கிலீஷ் எழுத்தைப் பாருங்கள். மேலிருந்து பதினொன்றாவது நிபந்தனை வரைக்கும் அதன் வயிறு எப்படி இருக்கிறது?"

மை அடைத்துக் கறுப்புப் புள்ளியாக இருந்தது. எங்கள் மிஷினில் அது வெகுநாள் கோளாறு.

"பன்னிரண்டாவது வரியில்?"

வயிறு திறந்து வெள்ளையாக இருந்தது. ஒரு ஏ அல்ல, அந்த வரியில் இருந்த அத்தனை ஏ-யும்.

பின்னால் தெரிந்தது, அதைக் கண்டுபிடித்தது வக்கீல் அல்ல. தாக்கலான தாளை அவர் படித்துப் பார்த்துக்கொண்டிருந்தபோது இந்த அம்மா எட்டிப் பார்த்து, "ஐயா, மேல உள்ளதெல்லாம் கண்ணை மூடிக் கெடக்கு. கடைசி வரி மட்டும் கண்ணு முழிச்சிருக்கே, ஏன்?" என்று கேட்டாராம். படிக்கத் தெரிந்தவர்கள் யாரும் அதைப் பார்க்கவில்லை. அடித்த நானே பார்க்கவில்லை.

"உங்கள் மிஷினைச் சுத்தம் செய்ய மெக்கானிக் எப்போது வந்தார்?"

மானேஜரைப் பார்த்தேன். அவர் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார். பொய் சொல்லலாமா என்று யோசித்தேன். மெக்கானிக் எழுதிக் கொடுத்த சீட்டு தேதியோடு ஆபீஸ் ஃபைலில் இருந்தது. இவர்கள் அதையும் கேட்டு வாங்கிவிடுவார்கள். பொய்ச் சாட்சிக்கு ஜெயில். கடைசி பெஞ்சில் குடைக்காரர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"பெட்டி திறந்த மறுநாள்" என்றேன்.

"அப்படியானால் இந்த வரி?"

"அதுக்கப்புறம் அடிச்சது."

"யார் சொல்லி?"

சொன்னேன்.

நான் தைரியமாக உண்மையைச் சொல்லிவிட்டதாக ஊரில் சிலர் பேசினார்கள். அப்படி இல்லை. இரண்டு பயம் இருந்தது. அந்த நிமிஷத்தில் ஜெயில் பயம் பெரிதாக இருந்தது, அவ்வளவுதான்.

வெளியே வேப்பமரத்தடியில் அந்த அம்மா எனக்காக நின்றார். நன்றி சொல்வார் என்று நினைத்தேன். இல்லையென்றால் திட்டுவார்.

"தம்பி, நீ மொதல்ல சொன்னியே, விட்டுப்போச்சுன்னு. அதை அவுக எழுதிக்கிட்டாங்களா?"

"எழுதிக்கிட்டாங்க."

"பெறகு சொன்னதை?"

"அதையும்."

"ரெண்டும் இருக்கா? அப்பச் சரி" என்று சொல்லிவிட்டுப் பெட்டியைத் தலையில் வைத்துக்கொண்டு நடந்தார். என் பொய்யும் என் உண்மையும் பக்கத்துப் பக்கத்தில் கோர்ட்டுக் காகிதத்தில் கிடந்தன. ஒன்று மற்றொன்றை அழிக்கவில்லை.

தீர்ப்பு அவர் பக்கம் வந்தது. கைநாட்டு கூடாது என்று ஆபீஸ் நிபந்தனை போடலாம், அது ஆபீசின் இஷ்டம் என்றார் முன்சீப். ஆனால் பெட்டியில் உறை விழுவதற்கு முன் சொல்ல வேண்டும். எல்லார் விலையையும் பார்த்த பிறகு ஒருத்தரைத் தள்ளுவதற்காகச் சேர்த்த வரி நிபந்தனை ஆகாது. அந்த வருஷ ஜல்லி அவருடையது. அடுத்த வருஷம் ஆபீஸ் பாடம் கற்றுக்கொண்டு அதே வரியை நோட்டீஸின் தலையிலேயே போட்டது. அதற்குப் பிறகு அந்த ஆபீசுக்கு அவர் கல் கொடுக்கவில்லை, வீடு கட்டுகிறவர்களுக்குத்தான் கொடுத்தார்.

மானேஜரை வேறு ஊருக்கு மாற்றினார்கள். எனக்கு வேலை போயிற்று. காரணம்: நகல் எடுப்பதில் கவனக்குறைவு. நானே கோர்ட்டில் ஒப்புக்கொண்டதுதானே. பழங்காநத்தத்து வீட்டைக் காலி செய்துவிட்டு, யாரிடமும் சொல்லாமல் ஆனையூர் போய்ச் சேர்ந்தேன். அங்கேதான் மகள் பிறந்தாள். மாமனார் வயலில் இறங்கி வேலை பார்த்தேன். எங்கே இருக்கிறேன் என்று டவுனில் யாருக்கும் தெரியாது என்று நம்பிக்கொண்டிருந்தேன்.

ஒரு மத்தியானம் வாசலில் மாட்டு வண்டி நின்றது. அந்த அம்மா இறங்கினார். பின்னால் அவருடைய வண்டிக்காரர், வலது கையில் மூங்கில் பத்தை வைத்துக் கட்டுப் போட்டிருந்தார். ஒத்தக்கடைப் பக்கம் பட்டப்பகலில் வண்டியை மறித்து, மாட்டை அவிழ்த்து விரட்டிவிட்டு, இவர் கையை முறித்திருக்கிறார்கள். அடித்தவர்களில் ஒருவன் குடை வைத்திருந்தான்.

"மனு எழுதணும் தம்பி. ஸ்டேஷனுக்கு."

"வக்கீல் ஐயா இருக்காருல்ல, அக்கா."

"அவரு எழுதினா வக்கீலு எழுத்து. நீ எழுதினா அந்த ஆபீசுக்குள்ள இருந்தவன் எழுத்து. எதனால அடிச்சாங்கன்னு உனக்குத்தான் தெரியும்."

உள்ளே குழந்தை சிணுங்கியது. என் மனைவி கதவு இடுக்கில் நின்று தலையை ஆட்டினாள், வேண்டாம் என்று. எனக்கும் வேண்டாம்தான். ஆனால் அந்த வண்டிக்காரர் கட்டுப் போட்ட கையை மடியில் வைத்துக்கொண்டு என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். அந்த வரியை அடித்தது நான்.

எழுதினேன். டெண்டரில் ஆரம்பித்து ஒத்தக்கடை வரைக்கும். படித்துக் காட்டினேன். அந்த அம்மா பெருவிரலை மையில் தோய்த்து அழுத்தினார். தாளைத் திருப்பி மடிக்கப் போனேன். அவர் விரலை அந்தக் கைநாட்டுக்குக் கீழே வெற்றிடத்தில் வைத்தார்.

"இங்கன எழுதினவன் பேரு வருமே."

"மனுவுக்கு அது வேண்டியதில்லக்கா."

"வேண்டியதில்லைன்னு..."

அவர் முடிப்பதற்குள் என் பேரை எழுதிவிட்டேன்.

"ஊரு?"

நான் அவரைப் பார்த்தேன். ஸ்டேஷனுக்குள் போகிற காகிதம் கண்டிராக்டர் கண்ணுக்குத் தப்பாது. "உங்களுக்குப் பயமே கெடையாதாக்கா?" என்று கேட்டேன்.

அவர் தன் உள்ளங்கைகளை விரித்துக் காட்டினார். வேர்வையில் நனைந்திருந்தன. தாளில் அவர் கை வைத்திருந்த இடமெல்லாம் ஈரமாகச் சுருங்கியிருந்தது.

"பயமில்லாதவளுக்கு எதுக்குத் தம்பி காகிதம்?" என்றார். "ராத்திரியெல்லாம் ஒக்காந்தே இருக்கேன். ஊரை எழுது."

ஆனையூர் என்று எழுதினேன்.

ஐந்தாம் நாள் காலையில் எதிர் வீட்டுச் சுவரில் சாய்ந்து குடைக்காரர் நின்றார். கூட இன்னொருவன். எங்கள் வீட்டைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். ஒரு பீடி குடித்து முடிகிற நேரம். போய்விட்டார்கள். மறுநாளும் வந்தார்கள். மூன்றாம் நாள் என் மனைவி குழந்தையை மார்போடு அணைத்துக்கொண்டு, "யாருங்க அவுக?" என்று கேட்டாள்.

"எழுதின ஊரு சரிதானான்னு பாக்க வந்திருக்காக" என்றேன்.

அவள் அழவில்லை. "அப்ப நீங்க சும்மாவா இருக்கப் போறீக?" என்றாள்.

அன்றைக்கே மேலூர் பஸ் ஏறினேன். குவாரிக்கு நடந்து போய்ச் சேரும்போது உச்சிவெயில். சம்மட்டிச் சத்தம் நாலு பக்கமும் கேட்டது. அந்த அம்மா ஒரு கொட்டகை நிழலில் உட்கார்ந்து ஆட்களுக்குக் கஞ்சி ஊற்றிக்கொண்டிருந்தார். எனக்கும் ஒரு செம்பு நீட்டினார். நான் வாங்காமல் நின்றபடியே குடைக்காரர் வந்து நின்றதையெல்லாம் கொட்டினேன். இனி என்னால் முடியாது, நான் பிள்ளைகுட்டிக்காரன், மனுவை வாபஸ் வாங்கிவிடுங்கள் என்று சொல்லத்தான் போயிருந்தேன்.

கேட்டு முடித்தார். "மூணு நாளா?"

"மூணு நாளு."

"எத்தன மணிக்கு?"

"காலையில... எட்டு, எட்டரை."

"கூட வந்தவன் எப்படி இருப்பான்?"

"குள்ளம். காதுல கடுக்கன்."

எழுந்து போய்த் தகரப் பெட்டியைத் திறந்தார். ஒரு வெள்ளைத் தாளை எடுத்து வந்து, அதன்மேல் இருந்த கல்தூசியை முந்தானையால் துடைத்து, என் பக்கம் நகர்த்தினார்.

இந்த இரண்டாவது மனுவும் போன பிறகுதான் இன்ஸ்பெக்டர் கண்டிராக்டரைக் கூப்பிட்டு விசாரித்தார், குடைக்காரர் ஆனையூர்ப் பக்கம் வருவதும் நின்றது. அதெல்லாம் அப்போது எங்களுக்குத் தெரியாது. கல் வெடிக்கிற குழியின் ஓரத்தில் இரண்டு பேர் பயந்துபோய் உட்கார்ந்திருந்தோம். வந்த விஷயத்தை நான் சொல்லவில்லை. பேனாவைத் திறந்தேன். முதலில் தாளின் அடியில் என் பேரையும் ஊரையும் எழுதினேன். அப்புறம்தான் மேலே மனுவை ஆரம்பித்தேன்.